'அம்மா அறியான்': தன்னியல்பும் கூட்டுழைப்பும் – ஒரு மீள்நோக்கு

ஜோன் ஆபிரகாமின் 'அம்மா அறியான்' என்னும் மலையாளத் திரைப்படம் 1986ஆம் ஆண்டில் வெளிவந்தது. அடுத்த ஆண்டு, கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்தின் மேற்தளத்திலிருந்து வீழ்ந்தமையால், மே மாதம் 31ஆம் திகதி ஜோன் மரணமானார். அன்று தொடக்கம் இப்படத்தைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் அதனை ஆக்கியவரைப் பற்றியே பேசி வந்துள்ளனர். அவருடைய குடி, நாடோடி வாழ்வு, வாக்குத் தவறும் இயல்பு, பணத்தைப் பேணாத கை ஆகியன கதைகளாகத் திரண்டு ஓர் ஐதிகமாகவே ஆகிவிட்டன. படம் எழுந்தமானமாக எடுக்கப்பட்டது, திட்டமிட்ட கதையின்றி நாளுக்கு நாள் உருவாயிற்று என்னும் செய்தியும் இவ்வைதிகத்தின் ஒரு கூறாகவே சொல்லப்படுகின்றது. பித்தனின் பித்து படத்தின் வடிவமாயிற்று என்பதே இதன் உட்பொருள். தனிமனித மேதையை வழிபடும் விமரிசனம் இவ்விளக்கத்தில் நிறைவடைந்துவிடும். நாம் நிறைவடைதல் இயலாது. ஒரு கலைவடிவம் ஏன் அவ்வடிவத்தைக் கொண்டது என்ற வினாவுக்கு, அது எவ்வாறு உற்பத்தி செய்யப்பட்டது என்பதினின்று விடை தேடுவதே எமது முறை. அம்முறையிற் பார்க்கும்போது இப்படத்தின் தன்னியல்பு வேறொரு பொருளைத் தருகின்றது.

முதலிற் பெயர் பற்றி ஒரு சொல். தமிழ் வாசகர் 'அறியான்' என்பதனை எதிர்மறை வினையாகக் கொண்டு, 'அம்மாவை அறியாதவன்' என்றோ 'அம்மா, அவன் அறியான்' என்றோ மயங்குவர். எமது மாணவர் பலர் அவ்வாறே மயங்கினர். மலையாளத்தில் 'அறியான்' என்பது 'அறிவதற்காக' எனப் பொருள்படும் வினையெச்சம். 'அம்மா அறிய எழுதுவது' என்று கடிதம் தொடங்குவோமன்றோ, அதுவே இத்தலைப்பு. படம் முழுவதும் ஒரு மகன் தாய்க்கு எழுதும் மடலாகும்.

கதை மிகச் சிறியது. புருஷன் என்னும் இளைஞன் மேற்படிப்பின் பொருட்டு டில்லி செல்லத் தாயிடம் விடைபெற்று வயநாட்டிலிருந்து புறப்படுகின்றான். எங்கிருந்தாலும் கடிதம் எழுதுவேன் என்பது அவன் தாய்க்குக் கொடுத்த வாக்கு. வழியில் மரமொன்றிலே தூங்கிய நிலையிற் கண்டெடுக்கப்பட்ட ஒரு பிணத்தை ஏற்றுவதற்காகப் பொலிசார் அவன் சென்ற ஜீப்பை மறிக்கின்றனர். இறந்தவனின் முகம் எங்கோ கண்டது போன்றிருக்க, அது அவனை அலைக்கழிக்கின்றது. பயணத்தைக் கைவிட்டு விசாரித்துச் செல்கையில், இறந்தவன் ஹரி என்னும் தபேலா வாத்தியக்காரன் என்பது தெரியவருகின்றது. ஹரியின் தாய் கொச்சியில் இருக்கின்றாள். அவளுக்கு யார் சொல்வது? கோழிக்கோட்டிலிருந்து கொச்சிவரை, ஊர் ஊராக ஹரியின் நண்பர்களைத் தேடிச் சேர்த்துக்கொண்டு போகின்றனர். ஒருவன் இருவராகி, இருவர் பதின்மராகி, இறுதியில் ஒரு கூட்டமே அத்தாயின் வாசலை அடைகின்றது. ஒவ்வொருவனும் ஹரியைப் பற்றி ஒன்றைச் சொல்கின்றான். ஒருவன் சொல்வது மற்றவன் சொல்வதோடு பொருந்துவதில்லை. போராளி, கலைஞன், குழம்பிப்போனவன், நம்பிக்கையிழந்தவன் எனப் பல ஹரிகள். எவன் உண்மை ஹரி என்று படம் தீர்ப்புக் கூறவில்லை.

இனி உற்பத்திக்கு வருவோம். 1984இல் கோழிக்கோட்டை மையமாகக் கொண்டு ஜோனும் அவர் நண்பர்களும் அமைத்த 'ஒடேசா' என்னும் கூட்டமைப்பே இப்படத்தின் தயாரிப்பாளர். ஐசன்ஸ்டைனின் 'பொட்டெம்கின் போர்க்கப்பல்' (1925) படத்தின் புகழ்பெற்ற படிக்கட்டுக் காட்சி நிகழும் நகரின் பெயரே இவ்வமைப்பின் பெயராயிற்று. முதலாளி ஒருவரிடமும் கைநீட்டாது, பறை கொட்டியும் தெருநாடகம் ஆடியும், சப்ளினின் 'த கிட்' போன்ற படங்களை ஊர்ஊராகத் திரையிட்டும், மக்களிடமிருந்து சில்லறைக் காசாகவே படத்துக்கான பணம் சேர்க்கப்பட்டது. முடிந்த படத்தையும் வணிகத் திரையரங்குகளுக்குக் கொடாது, இலாப நோக்கற்ற காட்சிகளாக மக்களிடமே கொண்டுசென்றனர். தயாரிப்பு, விநியோகம், காட்சிப்படுத்தல் ஆகிய மூன்று படிகளிலும் மூலதனத்தை விலக்கிவைக்க முயன்ற படம் இந்தியத் துணைக்கண்டத்தில் இதற்கு முன் இந்த அளவில் எடுக்கப்பட்டதாக நாம் அறியோம்.

இதனை நினைவிற்கொண்டு படத்தை மீண்டும் பார்ப்போமாயின், அதன் கட்டமைப்பும் அதன் தயாரிப்பு முறையும் ஒன்றே என்பது புலப்படும். படக்குழு ஊர் ஊராகச் சென்று காசும் ஆளும் சேர்த்தது. படத்திற் புருஷனும் ஊர் ஊராகச் சென்று ஆள் சேர்க்கின்றான். நடித்தோரிற் பெரும்பாலோர் தொழில்முறை நடிகரல்லர். அரங்கச் செயற்பாட்டாளரும் அரசியல் ஈடுபாடுடைய இளைஞருமே. புருஷனாக நடித்த ஜோய் மாத்யூ அத்தகையவர். தாய்மாராக வருவோரும் ஒப்பனையிட்ட தாய்மாராகத் தோன்றவில்லை. இவ்வாறு சேர்ந்த ஒரு கூட்டத்தின் மீது முன்கூட்டியே எழுதி முடித்த ஒரு திரைக்கதையைத் திணிப்பதற்கு எவருக்கும் உரிமையில்லை. பெருமூலதனப் படத்தில் திரைக்கதை என்பது அழகியற் பொருள் மட்டுமன்று. அது முதலீட்டின் பாதுகாப்புப் பத்திரம். இத்தனை நாளில், இத்தனை செலவில், இன்ன பண்டம் கிடைக்கும் என்னும் உடன்படிக்கை. அவ்வுடன்படிக்கை கோருவதற்கு ஒரு முதலாளி இல்லாதபோது திரைக்கதை தன் அதிகாரத்தை இழக்கின்றது. சந்திக்கும் மனிதரும், செல்லும் இடமும், அங்கு நடந்த போராட்டங்களும் படத்தினுள்ளே நுழைகின்றன. ஜோனின் சுபாவத்தையே இத்தன்னியல்பின் பிறப்பிடமாகக் கொள்வோர் விளைவைக் காரணமாகக் காண்கின்றனர். அவருடைய சுபாவம் இம்முறைக்கு இசைந்திருந்தது என்பதனை நாம் மறுக்கவில்லை. அதே சுபாவமுடைய எத்தனையோ கலைஞர் வணிகப் படத்துறையில் அழிந்துபோயினர் என்பதனையும் மறத்தலாகாது.

இவ்விடத்தில் ஒரு திருத்தம் அவசியமாகின்றது. எழுந்தமானம் என்பது கவனமின்மை அன்று. வேணுவின் ஒளிப்பதிவைப் பாருங்கள். கறுப்பு வெள்ளையில் நீண்ட நேரம் அசையாது நிற்கும் சட்டகங்களும், நடந்து செல்லும் கூட்டத்தைப் பொறுமையோடு தொடரும் கமராவும், மலைப்பாதையின் பனிமூட்டமும், கடலோரத்து ஒடுங்கிய தெருக்களும் கைதேர்ந்த ஒருவரின் வேலைகள். அதே ஆண்டில் பத்மராஜனின் 'நமுக்குப் பார்க்கான் முந்திரித்தோப்புகள்' என்னும் வெகுசனப் படத்திலும் பணியாற்றிய வேணுவுக்கு, இவ்விரு படங்களுக்குமாகச் சேர்த்தே இந்திய தேசிய விருது வழங்கப்பட்டது. பீனா போலின் படத்தொகுப்பும் அவ்வாறே. கதையோட்டத்தின் இடையே மருத்துவக் கல்வி தனியார்மயமாதலை எதிர்த்த மாணவர் போராட்டம் வருகின்றது. கல்லுடைக்கும் தொழிலாளரின் துயர் வருகின்றது. மட்டாஞ்சேரித் துறைமுகத் தொழிலாளர் மீது 1953இல் நடந்த துப்பாக்கிப் பிரயோகத்தின் நினைவு வருகின்றது. அன்று வேலை வேண்டி நின்ற தொழிலாளரிடையே 'சாப்பா' எனப்பட்ட உலோக வில்லைகளை வீசியெறிவர். அடித்துப் பிடித்து எடுத்தவனுக்கு மட்டுமே அன்றைய கூலி. அம்முறையை எதிர்த்தவர்கள் மீதே சுடப்பட்டது. இச்செய்திகள் கதைக்கு வெளியிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டவை போலத் தோன்றலாம். ஆயினும் ஒரு மரணச் செய்தியைத் தாங்கிச் செல்வோர் கடக்கும் நிலம் வெற்று நிலமன்று, ஒவ்வொரு ஊரும் தன் மரணங்களை வைத்திருக்கின்றது என்பதனை அவையே உணர்த்துகின்றன. ஆர்ஜென்தீனாவின் சொலானாஸ், ஹெட்டினோ ஆகியோர் 1969இல் முன்வைத்த 'மூன்றாவது சினிமா' என்னும் கருத்தும், அதே ஆண்டில் கியூபாவின் கார்சியா எஸ்பினோசா எழுதிய 'குறையுள்ள சினிமா' பற்றிய கட்டுரையும் இத்தகைய ஆக்கங்களை விளங்கிக்கொள்ளப் பெரிதும் உதவுவன. ஆனால் ஜோனின் படத்தை இலத்தீன் அமெரிக்கக் கொள்கையின் மலையாளப் பிரதியாகக் காண்பது எளிதான தவறு. பறைகொட்டிக் காசு சேர்த்தல் எந்த அறிக்கையையும் படித்துக் கற்றதன்று.

மட்டக்களப்பில் வாழும் எமக்கு அது மிக அணுக்கமானதொரு செயல். எமது வடமோடி, தென்மோடிக் கூத்துகள் உற்பத்தியாகும் முறையை எண்ணிப் பார்ப்போம். சட்டம் கொடுத்தல் முதல் சதங்கை அணிதல், அடுக்குப் பார்த்தல், அரங்கேற்றம்வரை ஒவ்வொரு கட்டத்திலும் செலவை ஊரவர் தாங்குகின்றனர். அரங்கேற்றத்தின் பின் கூத்தர் வீட்டுக்கு வீடு சென்று ஆட, வீட்டார் தம்மால் இயன்றதைக் கொடுக்கின்றனர். பார்வையாளனே தயாரிப்பாளன். விடியும்வரை களரியைச் சுற்றி அமர்ந்திருப்பவனுக்கு ஆடுபவன் மைத்துனனோ மருமகனோ ஆவான். கூத்தின் ஏடு முன்னரே எழுதப்பட்டது என்பது உண்மையே. எனினும் அன்றைய இரவின் நீளமும் அழுத்தமும் அண்ணாவியாரின் மத்தளத்துக்கும் கூடியிருப்போரின் மனநிலைக்கும் இடையே தீர்மானிக்கப்படுகின்றன. ஒடேசா குழுவினர் நாடியது இத்தகையதோர் உறவையே. ஆயின் ஒரு பெரும் வேறுபாடு உண்டு. கூத்தின் 'ஊர்' என்பது சாதியினால் வரம்பிடப்பட்ட ஊர். யார் ஆடலாம், யார் எங்கு நின்று பார்க்கலாம் என்பன அங்கு முன்னரே தீர்க்கப்பட்டவை. ஒடேசாவின் 'ஊர்' தெருவில் நின்று காசு கொடுத்த எவரையும் உள்ளடக்கியது. கூத்து மரபைப் புகழ்ந்துரைக்கும் எம்மவர் சிலர் இவ்வேறுபாட்டைக் கண்டும் காணாதிருப்பது எமக்கு உடன்பாடன்று. தமிழர் சாதி வேறுபாடின்றி ஒரே கூரையின் கீழ் அமர்ந்த முதலிடம் சினிமாக் கொட்டகையே என்று பேராசிரியர் கா. சிவத்தம்பி சுட்டிக்காட்டியதை இங்கு நினைவுகூர்தல் தகும்.

அவ்வாறாயின் தமிழில் இத்தகைய முயற்சி ஏன் வேர்கொள்ளவில்லை? ஜோனே தமிழில் ஒரு படம் எடுத்தவர். 1977இல் வந்த 'அக்கிரகாரத்தில் கழுதை' அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான இந்திய தேசிய விருதைப் பெற்றும் தமிழ் மக்களைச் சென்றடையவில்லை. அதன் திரைக்கதையை எழுதியவர் வெங்கட் சாமிநாதன். பேராசிரியர் கைலாசபதியோடும் மார்க்சிய விமர்சகரோடும் ஓயாது பொருதிய அவரே பார்ப்பனியத்தைத் தோலுரிக்கும் இப்படத்தின் எழுத்துக்கு உரியவர் என்பதை எம் பக்கத்தவர் ஒப்புக்கொள்ளத் தயங்குவதுண்டு, தயக்கத்துக்கு நியாயமில்லை. ஈழத்தைப் பொறுத்தவரை, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்திற் கற்பித்துக்கொண்டிருந்த சிங்கள நெறியாளர் தர்மசேன பத்திராஜ, காவலூர் இராசதுரையின் எழுத்தைக் கொண்டு 1970களின் பிற்பகுதியில் ஆக்கிய 'பொன்மணி' அருகில் வரக்கூடியது. பல்கலைக்கழகத்தைச் சார்ந்தோர் அதில் நடித்தனர். சாதியையும் சீதனத்தையும் பேசிய அப்படம் கொட்டகைகளில் நின்றுபிடிக்கவில்லை. பொன்மணியின் தோல்விக்குப் பலரும் மக்களின் இரசனையைக் குறைகூறுவர். எமது கருத்தில், படத்தின் உள்ளடக்கம் மாறியது, விநியோக முறை மாறவில்லை என்பதே காரணம். தென்னிந்திய வணிகப் படங்களுக்கெனவே அமைந்த கொட்டகைகளில் அவற்றோடு போட்டியிட அது விடப்பட்டது. ஒடேசா கற்றுக்கொண்ட பாடம் அங்கு கற்கப்படவில்லை.

இனி, இப்படத்தின் அரசியல். கேரளத்தின் நக்சல்பாரி இயக்கமும் அதன் தாக்கத்தில் எழுந்த ஜனகீய சாம்ஸ்காரிக வேதியும் சிதறிப்போன பின்னரே ஒடேசா தோன்றியது. படத்தில் ஒன்றுசேரும் இளைஞர் அச்சிதறலின் எச்சங்கள். அவர்களிடம் கட்சியில்லை, வேலைத்திட்டமில்லை. இறந்துபோன ஒரு தோழனும் அவன் தாயின் முகவரியும் மட்டுமே உண்டு. தன்னியல்பை வழிபடுதலின் ஆபத்தினை லெனின் 1902இலேயே எச்சரித்தார். அவ்வெச்சரிக்கையைக் கொண்டு இப்படத்தை நிராகரிப்பது எளிது. எமது மூத்த தோழர் சிலர் அவ்வாறு நிராகரித்ததையும் கேட்டிருக்கிறோம். நாம் வேறுபடுகின்றோம். படம் தன்னியல்பைப் போற்றவில்லை, அதன் எல்லையைக் காட்டுகின்றது. கூட்டம் வளர்ந்துகொண்டே செல்கின்றது, ஆனால் அதனாற் செய்யக்கூடியது ஒரு வாசலுக்குச் சென்று ஒரு செய்தியைச் சொல்வது மாத்திரமே. 1980களின் இந்திய இடதுசாரி இளைஞரின் நிலையை இதனினும் நேர்மையாகக் கூறிய கலையாக்கங்கள் மிகச் சிலவே.

படத்தின் உண்மையான குறை வேறிடத்தில் உள்ளது. தாயை விளித்து எழுதப்பட்ட இம்மடலில் தாய்மார் ஏறத்தாழ வாய்திறவாதோர். ஒவ்வொரு வீட்டிலும் ஒரு தாய் இருக்கின்றாள், மகன் போய்வருகிறேன் என்கின்றான், அவள் நோக்குகின்றாள், அவன் கூட்டத்தோடு சேர்ந்து போகின்றான். வீதி ஆண்மக்களுக்கும் வாசற்படி பெண்களுக்கும் என்னும் பழைய பகிர்வு அப்படியே கிடக்கின்றது. மாக்சிம் கோர்க்கியின் 'தாய்' நாவலை நினைப்போம். தொ. மு. சி. ரகுநாதனின் மொழிபெயர்ப்பில் அதனைப் படித்து வளர்ந்த தலைமுறையினர் எம்மிடையே பலர். மகன் நீதிமன்றத்திற் பேசிய பேச்சின் பிரதிகளைப் பெட்டியிற் சுமந்து செல்லும் நீலவ்னா, செய்தியைப் பெறுபவள் அல்லள், கொண்டுசெல்பவள். கோர்க்கி 1906இல் எட்டிய இடத்தை ஜோன் 1986இல் எட்டவில்லை.

எனினும் இக்குறைக்கு ஒரு வரலாற்றுப் பின்னணியுண்டு. இந்திய அவசரகாலநிலையின்போது, 1976ஆம் ஆண்டு மார்ச் முதலாந் திகதி, கோழிக்கோட்டுப் பொறியியற் கல்லூரி மாணவன் ராஜன் பொலிசாரால் கொண்டுசெல்லப்பட்டுக் கக்கயம் முகாமிற் கொல்லப்பட்டான். உடல் கிடைக்கவேயில்லை. அவன் தந்தை ஈச்சர வாரியர் தொடர்ந்த ஆட்கொணர்வு வழக்கினால் 1977இல் முதலமைச்சர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது. நீதிமன்றத்தையும் அரசையும் உலுக்கிய அத்தந்தையால், மனநலங் குன்றிய தன் மனைவிக்கு மட்டும் மகன் இறந்த செய்தியைச் சொல்ல இயலவில்லை. தமது நினைவுக்குறிப்பில் அவரே இதனை எழுதியுள்ளார். பின்னாளில் ஷாஜி என். கருணின் 'பிறவி' (1988) இச்சம்பவத்தின் சாயலில் ஒரு தந்தையின் காத்திருப்பைச் சொல்லிற்று. தாய்க்கு யார் சொல்வது என்னும் வினா ஜோன் கற்பனை செய்ததன்று. அது அக்காலத்துக் கோழிக்கோட்டின் காற்றில் இருந்தது.

செங்கலடியின் காற்றிலும் அது இருக்கின்றது. எமது பல்கலைக்கழகம் அமைந்துள்ள வந்தாறுமூலை வளாகத்தில், 1990ஆம் ஆண்டு, சுற்றுக் கிராமங்களிலிருந்து ஓடிவந்தோர் அகதிகளாகத் தங்கியிருந்தனர். அவர்களுள் 158 பேர் செப்ரெம்பர் 5ஆம் திகதி படையினராற் கொண்டுசெல்லப்பட்டனர். விரிவுரை நிகழும் கட்டடங்களுக்கும் அந்நாளுக்கும் இடையே தூரமில்லை. நாம் இப்படத்தை மாணவர் சிலரோடு ஒரு மாலைப்பொழுதில் இருந்து பார்த்தோம். முடிந்தபின் நெடுநேரம் ஒருவரும் பேசவில்லை. நாம் உருவம், உள்ளடக்கம், தயாரிப்பு முறை என்று ஆரம்பிக்க முற்பட்டபோது, பின்வரிசையிலிருந்த மாணவியொருத்தி, "சேர், அவங்களுக்கு பொடி கிடைச்சிருக்கே" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். அவளுடைய குடும்பத்தைப் பற்றி நாம் எதுவும் வினவவில்லை.

அவ்வொரு சொல் எமது குறிப்புகள் பலவற்றைப் பயனற்றனவாக்கிற்று. பிணம் உண்டு என்பதினாலேயே 'அம்மா அறியான்' படத்தின் பயணம் சாத்தியமாகின்றது. பிணத்துக்குப் பெயரைத் தேடலாம். பெயர் கிடைத்தால் முகவரி கிடைக்கும். முகவரி இருந்தால் நடக்கலாம். செய்தி ஒரு திசையிற் செல்கின்றது, மலையிலிருந்து கடலுக்கு, நண்பரிடமிருந்து தாய்க்கு. எமது நாட்டில் அத்திசை மாறிப்போயிற்று. இங்கு சொல்வதற்கு எவரிடமும் செய்தியில்லை, இருப்போர் சொல்வதில்லை. ஆகவே வீட்டு வாசலில் நில்லாது வீதிக்கு வந்தவர்கள் தாய்மாரே. மகனின் படத்தை நெஞ்சோடு பிடித்து, முகாமிலிருந்து முகாமுக்கும், கச்சேரியிலிருந்து ஆணைக்குழுவுக்கும் போய்வந்தோர் அவர்கள். ஒருத்தி போகும்போது அடுத்த ஊரில் இன்னொருத்தி சேர்ந்துகொள்கின்றாள். ஜோனின் கூட்டம் வளர்ந்தது போலவே இக்கூட்டமும் வளர்ந்தது, எவரும் எழுதிக் கொடுத்த திரைக்கதையின்றி. அவர்களிற் பலர் தேடிக்கொண்டிருக்கும்போதே இறந்துவிட்டனர்.

இக்கூட்டத்தைப் படமாக்குவோர் ஒடேசாவிடமிருந்து எடுத்துக்கொள்ளத்தக்கது கமராக் கோணங்களன்று. யாருடைய காசில் எடுப்பது, யாரிடம் முதலிற் காட்டுவது என்னும் இரண்டுமே அவர்கள் முதலில் எதிர்கொள்ள வேண்டிய வினாக்கள். வெளிநாட்டு நிதி நிறுவனங்களின் காசில் எமது துயர் பற்றிய ஆவணப்படங்கள் வந்துகொண்டிருக்கின்றன. அவற்றுட் சில நல்லவையுங்கூட. கொழும்பிலும் வெளிநாட்டு விழாக்களிலும் காட்டப்பட்ட பின்னர், அவற்றிற் பேசிய பெண்களுக்கே அவை காட்டப்படாது விடுவதுமுண்டு. அன்று எம்மோடு படம் பார்த்த மாணவர் இருவர் இப்பொழுது கைத்தொலைபேசி ஒன்றைக் கொண்டு சித்தாண்டிப் பக்கத்திற் சில தாய்மாரைப் பதிவு செய்து வருகின்றனர். என்ன கதை என்று கேட்டோம். இன்னும் தெரியாது, அம்மாமார் போகிற இடமெல்லாம் போகிறோம் என்றனர். பதிவு செய்த பகுதிகளை வாரத்துக்கு ஒருமுறை அவர்களுக்கே போட்டுக் காட்டுகின்றனராம். சென்ற வாரம் ஒரு தாய், தான் பேசியதைக் கேட்டுவிட்டு, "அந்த இடத்தை வெட்டு, திகதி பிழையாச் சொல்லிப்போட்டன்" என்று திருத்தினாளாம்.